மணல் லொறி பொலிஸில் நிற்கிறது: எந்த வழியில் போனால் மீட்கலாம்?

கொழும்புக்கு அருகே கடுவெலப் பக்கம் மணலோடு வந்த டிப்பரைப் பொலிஸார் மறித்துப் பிடித்துவிட்டால், வெல்லம்பிட்டியிலோ மட்டக்குளியிலோ இருக்கும் வண்டிக்காரருக்கு அன்றிரவுக்குள் நாலு பேரிடமிருந்து நாலு யோசனை வந்துவிடும். ‘பொறுப்பதிகாரியைப் போய்ப் பார்’ என்பார் ஒருவர். ‘டிரைவர் குற்றத்தை ஒப்புக்கொண்டு தண்டப்பணம் கட்டட்டும், வண்டி கைக்கு வந்துவிடும்’ என்பார் இன்னொருவர். லீசிங் வண்டிதானே, கம்பனியே மீட்டுத் தரும் என்று ஒரு கட்சி. நேரே மேல் நீதிமன்றம் போ என்று இன்னொரு கட்சி.

இவற்றில் இரண்டாவது யோசனைதான் காதுக்கு இனிக்கும். வண்டியை ஒரேயடியாக இழக்க வைப்பதும் பெரும்பாலும் அதுவே. லீசிங் தவணை ஓடிக்கொண்டிருக்க, உழைக்கும் வண்டி பொலிஸ் வளவில் துருப்பிடிக்கும்போது அவசரம் வருவது இயல்பு. அந்த அவசரத்தில் எடுக்கும் முடிவைப் பின்னால் திருத்துவது மிகக் கடினம். அதனால்தான் ஒவ்வொரு வழியும் யாருக்குப் பொருந்தும், யாரைக் கவிழ்க்கும் என்று ஒப்பிட்டு எழுதுகிறேன்.

முதலில் வழக்கு என்ன வகை என்று பாருங்கள்

மணல், மண், கிரவல், கருங்கல் எல்லாமே 1992ஆம் ஆண்டின் 33ஆம் இலக்க சுரங்கங்கள் மற்றும் கனியப்பொருள்கள் சட்டத்துக்குள் வருகின்றன. 2009இல் 66ஆம் இலக்கச் சட்டத்தால் அது திருத்தப்பட்டது. அனுமதிப்பத்திரம் இல்லாமல் அகழ்வது மட்டுமல்ல, ஏற்றிச் செல்வதும் விற்பதும் அதன் 28ஆம் பிரிவின்படி தடை. அனுமதி கொடுப்பது புவிச்சரிதவியல் அளவை மற்றும் சுரங்கப் பணியகம். தலைமை அலுவலகம் பிட்டகோட்டையில் இருக்கிறது. 2019 டிசம்பரில் மணல் ஏற்றிச் செல்ல அனுமதிப்பத்திரம் வேண்டாம் என்று அரசாங்கம் அறிவித்தது பலருக்கு ஞாபகம் இருக்கும். அந்தத் தளர்வு நிலைக்கவில்லை. அதை நம்பி இன்னும் வண்டி ஓட்டுகிறவர்கள் இருக்கிறார்கள் என்பதால் சொல்லி வைக்கிறேன்.

பிடிபட்ட வண்டிகள் எல்லாம் ஒரே தட்டில் இல்லை. அனுமதிப்பத்திரமே இல்லாமல் பிடிபடுவது ஒன்று. அனுமதிப்பத்திரம் இருந்து, அதில் உள்ள பாதையை விட்டு வேறு பாதையில் போனது, நேரம் கடந்தது, எழுதியதைவிட அரை கியூப் கூட ஏற்றியது போன்றவை வேறு. பெக்கோ இயந்திரம் வைத்து ஆற்றங்கரையைத் தோண்டும்போது பிடிபடுவது இன்னொன்று. இரண்டாவது வகைக்காரர் சாரதியின் வாக்குமூலத்தைப் பற்றிக் கவலைப்படுவதற்கு முன்னால் பணியகத்துக்குப் போய், அந்த அனுமதிப்பத்திரம் உண்மையானது, அந்த வண்டி இலக்கத்துக்கே கொடுக்கப்பட்டது என்பதை எழுத்தில் வாங்க முயல வேண்டும். மன்றில் அதைவிடப் பெறுமதியான காகிதம் அவருக்கு இல்லை.

பொலிஸார் மன்றுக்குக் கொடுக்கும் ‘பி’ அறிக்கையின் பிரதியைச் சட்டத்தரணி மூலம் எடுத்துப் படியுங்கள். அதில் சுரங்கச் சட்டம் மட்டும்தான் இருக்கிறதா என்பது முக்கியம். அரச காணியிலிருந்து மணல் களவாடியது என்று 1982ஆம் ஆண்டின் 12ஆம் இலக்க பொதுச் சொத்துகள் சட்டத்தையும் சேர்த்திருந்தால் சாரதிக்குப் பிணை எடுப்பதே பெரும்பாடாகிவிடும். காட்டுப் பகுதி மணல் என்றால் வனக் கட்டளைச் சட்டம் வரும். கடற்கரை மணல் என்றால் கரையோரம் பேணல் சட்டம் வரும். கீழே நான் எழுதுவது சுரங்கச் சட்டம் மட்டும் உள்ள வழக்கை மனதில் வைத்து.

பொலிஸ் நிலையத்தில் தீருமா?

தீராது. குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 431ஆம் பிரிவு, பொலிஸார் கைப்பற்றிய பொருளை உடனடியாக நீதவானுக்கு அறிக்கையிட வேண்டும் என்கிறது. அறிக்கை போன பிறகு வண்டி நிற்பது பொலிஸ் வளவில் என்றாலும் முடிவு நீதவானுடையது. பொறுப்பதிகாரி விரும்பினாலும் திறப்பைத் தூக்கிக் கொடுக்க முடியாது. அவரைப் போய்ப் பார்ப்பதால் கிடைக்கக்கூடியது ஒன்றுதான்: எந்த நீதிமன்றம், எந்த இலக்கம், எந்தத் திகதி என்ற தகவல். கொழும்பில் குடியிருந்தாலும் வழக்கு வண்டி பிடிபட்ட இடத்துக்குரிய மன்றில்தான் நடக்கும். கடுவெலவில் பிடிபட்டால் கடுவெல. புத்தளத்தில் பிடிபட்டால் புத்தளம்வரை போய்வர வேண்டும். அந்தச் செலவையும் கணக்கில் எடுங்கள்.

பணம் கொடுத்து முடிக்கலாம் என்று யாராவது வந்தால் வாசலோடு அனுப்பிவிடுங்கள். 2023ஆம் ஆண்டின் 9ஆம் இலக்க ஊழல் எதிர்ப்புச் சட்டத்தின் கீழ் கொடுப்பவரும் குற்றவாளி. இருக்கிற வழக்கோடு இரண்டாவது ஒன்றையும் வாங்கிக்கொள்வதாகத்தான் முடியும்.

பொலிஸ் நிலையத்தில் செய்யக்கூடிய ஒரு நல்ல காரியம் உண்டு. வண்டி நிற்கும் நிலையைப் படம் எடுக்க அனுமதி கேளுங்கள். டயர், பேட்டரி, உதிரிச் சக்கரம், ஜாக்கி என்று உள்ள பொருட்களைப் பொலிஸாரின் குறிப்பில் பதியச் சொல்லுங்கள். மாதக்கணக்கில் வெயில் மழையில் நின்று திரும்பும் வண்டியில் என்ன குறைந்தது என்று சொல்ல அதுதான் ஆதாரம்.

ஒப்புக்கொள்வதா, விடுவிப்புக் கேட்பதா?

உண்மையான தெரிவு இங்கேதான் இருக்கிறது. முதல் நாள் மன்றில் சாரதி நிற்கிறார். தொலைபேசியில், ‘முதலாளி, குத்தத்த ஒத்துக்கிட்டா இன்னிக்கே கேஸ் முடிஞ்சிரும்னு சொல்றாங்க, என்ன செய்யட்டும்?’ என்று கேட்கிறார். முதலாளி வீட்டிலோ கடையிலோ இருந்துகொண்டு ஒரே வார்த்தையில் பதில் சொல்கிறார். வண்டியின் தலைவிதி அந்த வார்த்தையில் போய்விடுகிறது.

ஒப்புக்கொண்டால் சாரதிக்கு வழக்கு சீக்கிரம் முடியும் என்பது மெய்தான். தண்டப்பணம் கட்டி வீட்டுக்கு வந்துவிடுவார். ஆனால் குற்றவாளி என்ற தீர்ப்புதான் வண்டியை அரசுடைமையாக்கும் கதவைத் திறந்துவிடுகிறது. அந்தத் தீர்ப்போடு தண்டப்பணத்துக்கு மேலாகக் குற்றத்துக்குப் பயன்பட்ட வண்டியையும் அரசுடைமையாக்க நீதவானுக்கு அதிகாரம் வருகிறது. மணலின் பெறுமதி எவ்வளவு சிறிதாக இருந்தாலும் சரி, வண்டியின் பெறுமதி எவ்வளவு பெரிதாக இருந்தாலும் சரி. சில மன்றுகளில் ஒப்புக்கொண்ட அன்றே வண்டியை விட்டுவிட்ட சம்பவங்களைக் காட்டித்தான் இந்த யோசனை பரவுகிறது. அது நீதவானின் விருப்புரிமை. அதைத் திட்டமாக வைத்து ஒரு குடும்பத்தின் பிழைப்பை அடகு வைக்க முடியாது.

அடுத்த வழி, 431ஆம் பிரிவின் கீழ் இடைக்கால விடுவிப்புக் கேட்பது. வண்டியை வைத்திருக்க உரித்துள்ளவரிடம் அதை ஒப்படைக்கும்படி, வழக்கு முடியும்வரை பிணைமுறியில் (மன்று கேட்கும்போது கொண்டுவந்து நிறுத்துவேன் என்ற எழுத்துறுதியில்) விடும்படி உரிமையாளர் சட்டத்தரணி மூலம் விண்ணப்பிப்பார். பதிவுச் சான்றிதழ், வருமான அனுமதிப்பத்திரம், காப்புறுதி, அடையாள அட்டை, லீசிங் இருந்தால் கம்பனியின் கடிதம் எல்லாம் அதோடு போக வேண்டும். நீதவான் பிணைமுறியின் தொகையை வண்டியின் பெறுமதியை ஒட்டி வைப்பார். சரீரப் பிணையாளர்களும் கேட்கப்படலாம். இதற்குச் சட்டத்தரணி செலவு உண்டு, இரண்டு மூன்று மன்றுத் தவணைகள் அலைச்சல் உண்டு, மறுக்கப்படவும் கூடும். ஆனால் மறுக்கப்பட்டாலும் எதையும் நீங்கள் இழக்கவில்லை. வழக்கு உயிரோடு இருக்கிறது, மறுபடி கேட்கலாம், மேலே போகலாம். ஒப்புதல் வாக்குமூலத்துக்கு அந்தத் திரும்பும் வழி எளிதில் கிடையாது.

ஆகவே என் தீர்மானம் தெளிவானது: முதலில் விடுவிப்பு விண்ணப்பம். ஒப்புக்கொள்ளும் பேச்சு அதற்குப் பிறகு, அதுவும் சட்டத்தரணி ‘பி’ அறிக்கையைப் படித்த பிறகு.

சாரதியைப் பற்றியும் ஒரு வார்த்தை சொல்ல வேண்டும். வண்டியை மீட்பதற்காக அவரை உள்ளே கிடக்க விடுவது பாவம். அவருடைய பிணையும் உங்கள் வண்டியும் இரண்டு தனித்தனி விடயங்கள். 1997ஆம் ஆண்டின் பிணைச் சட்டத்தின் கீழ் அவருக்குப் பிணை கேட்டுக்கொண்டே வண்டிக்கும் கேட்கலாம். உரிமையாளரும் சாரதியும் ஒரே சட்டத்தரணியை வைப்பது செலவைக் குறைக்கும். ஆனால் ‘எனக்குத் தெரியாமல் சாரதி செய்தார்’ என்று நீங்கள் சொல்லப் போகிறீர்கள் என்றால் உங்கள் நலனும் அவர் நலனும் மோதுகின்றன. அந்த நிலையில் இருவருக்கும் வேறு வேறு சட்டத்தரணி இருப்பதுதான் நியாயம்.

வாகன விசாரணை: உரிமையாளரின் முறை

சாரதி ஏற்கெனவே ஒப்புக்கொண்டு தீர்ப்பும் வந்துவிட்டது என்று வைத்துக்கொள்வோம். அப்போதும் எல்லாம் முடிந்துவிடவில்லை. வனக் கட்டளைச் சட்டத்தின் கீழ் லொறி ஒன்று பறிமுதலான வழக்கில், குற்றத்தில் பங்கில்லாத உரிமையாளரின் பக்கத்தைக் கேட்காமல் அவருடைய வண்டியை எடுக்கக்கூடாது என்று 1987இல் உயர் நீதிமன்றம் தீர்த்தது. அந்தக் கொள்கையைத்தான் இன்றைக்கு மற்றச் சட்டங்களின் வழக்குகளிலும் சட்டத்தரணிகள் முன்வைக்கிறார்கள். ‘வாகன விசாரணை’ என்று மன்றில் சொல்லப்படுவது இதுதான். உரிமையாளர் சாட்சிக் கூண்டில் ஏறி, சத்தியம் செய்து, தன் பக்கத்தைச் சொல்ல வேண்டும். அரச தரப்பு குறுக்கு விசாரணை செய்யும்.

என்ன சொன்னால் போதும்? இங்கேதான் பலர் சறுக்குகிறார்கள். வண்டி இப்படிப் பயன்படாமல் இருக்கத் தான் எல்லா முன்னெச்சரிக்கையும் எடுத்தேன் என்பதை உரிமையாளர் நிரூபிக்க வேண்டும் என்றும், அந்த நிரூபணம் சாத்தியப்பாடுகளின் நிறையில், அதாவது பொய்யைவிட மெய்யாக இருக்கவே வாய்ப்பு அதிகம் என்ற அளவில், அமைந்தால் போதும் என்றும் வனக் கட்டளைச் சட்ட வழக்கொன்றில் 2010இல் உயர் நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. நியாயமான சந்தேகத்துக்கு அப்பால் என்ற உயரம் தேவையில்லை. ஆனால் வெறும் வாய்ச்சொல்லும் போதாது. ‘சட்டவிரோதமா ஒண்ணும் ஏத்தாதேன்னு டிரைவர்கிட்ட சொல்லித்தான் அனுப்பினேன்’ என்று மட்டும் சொல்லும் உரிமையாளரை மேன்முறையீட்டு நீதிமன்றம் ஏற்றுக்கொள்ளவில்லை. அறிவுறுத்தல் உண்மையாகவே கொடுக்கப்பட்டதா, அதை நடைமுறைப்படுத்த என்ன செய்தீர்கள் என்று கேட்கிறது.

அதற்கு என்ன காட்டலாம்? சாரதியை வேலைக்கு எடுத்தபோது கையெழுத்து வாங்கிய கடிதம். ஒவ்வொரு ஓட்டத்துக்கும் எழுதிய பதிவுப் புத்தகம். ஜீபீஎஸ் பதிவு. முன்பு தவறு செய்த சாரதியை எச்சரித்த அல்லது நீக்கிய கடிதம். எந்த மேட்டில் மணல் வாங்க வேண்டும், எந்த அனுமதிப்பத்திரத்தோடு என்று அனுப்பிய வாட்ஸ்அப் தகவல்கள். இவற்றில் எதையும் வண்டி பிடிபட்ட பிறகு உருவாக்க முடியாது. உருவாக்கினால் அது இன்னொரு குற்றம். இன்றைக்கு வண்டி பத்திரமாக வீட்டில் நிற்கிறவர்கள்தான் இந்தப் பகுதியை மிகக் கவனமாகப் படிக்க வேண்டும் என்று நினைக்கிறேன்.

தன் வண்டியைத் தானே ஓட்டிப் பிடிபட்டவருக்கு இந்த வழி கிடையாது. தனக்குத் தெரியாமல் நடந்தது என்று அவர் சொல்ல முடியாது. அவருக்கு இருப்பது இடைக்கால விடுவிப்பும், வழக்கை எதிர்த்து நிற்பதும், அது முடியாதபோது தண்டனைத் தணிப்பு வேண்டுவதும்தான். வண்டியை மனைவியின் பெயரில் அல்லது மச்சானின் பெயரில் பதிந்து வைத்திருந்தால் தப்பலாம் என்று சிலர் நம்புகிறார்கள். பெயரளவில் உரிமையாளராக இருக்கும் அந்த அக்காவிடம் குறுக்கு விசாரணையில், ‘டிரைவர் யார், ஒரு நாளைக்கு எத்தனை ஓட்டம், மணல் எங்கிருந்து வருகிறது’ என்று கேட்டால் அவரால் எதற்குப் பதில் சொல்ல முடியும்? ஒன்றும் தெரியாத உரிமையாளர் முன்னெச்சரிக்கையும் எடுத்திருக்க முடியாது என்ற முடிவுக்குத்தான் மன்று வரும்.

லீசிங் கம்பனி காப்பாற்றுமா?

பதிவுச் சான்றிதழில் கம்பனி முழு உரிமையாளர் என்றும் நீங்கள் பதிவு பெற்ற உரிமையாளர் என்றும் இருக்கும். கம்பனிக்கும் வண்டியில் நலன் இருப்பதால் அதற்கும் மன்றில் வந்து பேச இடமுண்டு. கம்பனியின் சட்டத்தரணி அனுபவமுள்ளவராக இருப்பார். அது உங்களுக்கு உதவும். ஆனால் கம்பனியின் பெயர் இருப்பதாலேயே வண்டி தானாக விடுபடாது. கம்பனி வெற்றி பெற்றாலும் வண்டி கம்பனியின் கைக்குத்தான் போகும், உங்கள் வாசலுக்கு அல்ல. தவணை நிலுவை இருந்தால் அவர்கள் அதை விற்றுத் தங்கள் கணக்கை நேர் செய்துகொள்ளலாம். வண்டி பொலிஸில் நின்ற மாதங்களுக்கும் தவணை நிற்காது.

அதனால் கம்பனிக்கு உடனே எழுத்தில் அறிவியுங்கள், விடுவிப்புக்கு ஆட்சேபம் இல்லை என்ற கடிதத்தைக் கேளுங்கள், தவணையை மறுசீரமைக்க முடியுமா என்று பேசுங்கள். வழக்கை மட்டும் அவர்களிடம் விட்டுவிட்டு ஒதுங்காதீர்கள்.

மேலே போவது எப்போது?

நீதவான் விடுவிப்பை மறுத்தாலோ, அரசுடைமையாக்கினாலோ, மாகாண மேல் நீதிமன்றத்துக்குப் போகலாம். கொழும்பு நகர மன்றுகளின் வழக்கென்றால் அது புதுக்கடையில்; மற்ற மன்றுகளின் வழக்கென்றால் எங்கே என்று சட்டத்தரணியிடம் கேளுங்கள். வழக்கின் தரப்பினரான சாரதிக்கு மேன்முறையீடு உண்டு, 14 நாள் காலக்கெடு. தரப்பினர் அல்லாத உரிமையாளர் பொதுவாக, நீதவானின் கட்டளை சரியா என்று மறுபடி பார்க்கக் கேட்கும் மீளாய்வு மனு போடுவார். மீளாய்வுக்கு அப்படிக் கறாரான நாள் கணக்கு இல்லை என்பதைக் கேட்டுச் சிலர் ஆறப்போடுகிறார்கள். அது தவறு. தாமதத்துக்குக் காரணம் சொல்ல முடியாத மனுவை மேல் நீதிமன்றம் தள்ளிவிடும். தலையிட்டே ஆக வேண்டிய அசாதாரணச் சூழ்நிலை இருக்கிறது என்றும் காட்ட வேண்டும். உரிமையாளரைக் கேட்காமலே வண்டியை எடுத்தது அப்படியொரு சூழ்நிலையாக வாதிக்கத்தக்கது. வாகன விசாரணையில் நன்றாகக் கேட்டு, நம்ப முடியவில்லை என்று காரணம் எழுதிய தீர்ப்பை மாற்றுவது அதைவிடப் பன்மடங்கு கடினம். அங்கும் தோற்றால் மேன்முறையீட்டு நீதிமன்றம் இருக்கிறது. ஆனால் அதற்குள் ஆண்டுகள் ஓடிவிடும். பழைய டிப்பருக்கு இந்தச் செலவு கட்டுப்படியாகுமா என்று சட்டத்தரணியிடமே வெளிப்படையாகக் கேளுங்கள்.

உயர் நீதிமன்றத்தில் அடிப்படை உரிமை மனு போடுவது வண்டியை மீட்கும் சாதாரண வழி அல்ல. செல்லுபடியான அனுமதிப்பத்திரம் கையில் இருந்தும் பிடித்தார்கள், மன்றுக்கு அறிக்கையிடாமலே வைத்திருக்கிறார்கள், அடித்தார்கள் என்பது போன்ற அத்துமீறலுக்கானது அது. அரசியலமைப்பின் 126ஆம் உறுப்புரைப்படி ஒரு மாதத்துக்குள் போட வேண்டும். அந்த ஒரு மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறையிட்டிருந்தால், அங்கே விசாரணை நிலுவையில் இருக்கும் காலம் கணக்கில் சேராது.

கையில் பணமில்லாதவர்கள் புதுக்கடையிலேயே இருக்கும் சட்ட உதவி ஆணைக்குழுவைப் போய்ப் பாருங்கள். வருமானத்தைப் பார்த்து உதவுவார்கள். வண்டி வைத்திருப்பவருக்கு மறுக்கப்படலாம். நாள் கூலிக்கு ஓட்டும் சாரதிக்குக் கிடைக்க வாய்ப்பு அதிகம்.

மொழி

நம்மவர்கள் அதிகம் அடிபடும் இடம் இது. கொழும்புப் பக்க மன்றுகளில் வழக்கு சிங்களத்தில் நடக்கும். வாக்குமூலமும் பெரும்பாலும் சிங்களத்தில்தான் எழுதப்படும். படித்துப் பார்க்க முடியாத தாளில் சாரதி கையெழுத்து வைத்துவிட்டு வருகிறார். அதில் ‘முதலாளி சொல்லித்தான் ஏற்றினேன்’ என்று ஒரு வரி இருந்தால் உங்கள் வாகன விசாரணை அங்கேயே முடிந்தது. தமிழில் வாக்குமூலம் எடுக்கும்படி கேட்கலாம்; முடியாது என்றால் தமிழில் வாசித்து விளக்கும்வரை கையெழுத்து வைக்க வேண்டியதில்லை. மன்றிலும் மொழிபெயர்ப்பாளர் கேட்கும் உரிமையை அரசியலமைப்பின் 24ஆம் உறுப்புரை தருகிறது. விளங்காத குற்றப்பத்திரிகைக்குத் தலையாட்டுவதைவிட, மொழிபெயர்ப்பாளர் வரும்வரை ஒரு தவணை காத்திருப்பது எவ்வளவோ மேல்.

யாருக்கு எது

அனுமதிப்பத்திரம் இருந்து சிறு முரண்பாட்டில் பிடிபட்டவர் விடுவிப்புக் கேட்டு, வழக்கையும் எதிர்த்து நிற்கலாம். அவருக்கு நல்ல வாய்ப்பு இருக்கிறது. சாரதி தன் விருப்பப்படி செய்த காரியத்தில் மாட்டிக்கொண்ட, ஆவணங்களை ஒழுங்காக வைத்திருக்கும் உரிமையாளர் விடுவிப்புக் கேட்டுவிட்டு வாகன விசாரணைக்குத் தயாராகட்டும். நேரே மேல் நீதிமன்றம் ஓடத் தேவையில்லை. தெரிந்தே அனுமதியில்லாமல் ஏற்றியவருக்கு நான் தந்திரம் எதுவும் சொல்லப் போவதில்லை. களனி கங்கையின் அடியை மணலுக்காகத் தோண்டித் தோண்டித்தான் ஆற்றின் படுகை தாழ்ந்து, வரட்சிக் காலத்தில் அம்பத்தலை நீர் எடுக்கும் இடம்வரை உப்புநீர் ஏறியது. கொழும்பில் நாம் குடிக்கும் தண்ணீர் அங்கிருந்துதான் வருகிறது. அப்படிப்பட்டவரும் சட்டத்தரணியின் துணையோடு மன்றில் நிற்க உரிமை உள்ளவர்தான். ஆனால் சாரதியைப் பலி கொடுத்து வண்டியை மீட்க நினைக்கக்கூடாது.

விடுவிப்புக் கிடைத்தால் கட்டளையின் பிரதியைக் கேட்டு வாங்கி, அதில் உள்ள நிபந்தனைகளை வீட்டில் எல்லோருக்கும் வாசித்துக் காட்டுங்கள். பிணைமுறியில் வந்த வண்டியை விற்கவோ பெயர் மாற்றவோ நிறம், எஞ்சின், உடற்பாகம் எதையும் மாற்றவோ வேண்டாம். மன்று கேட்கும் திகதியில் கொண்டுபோய் நிறுத்த வேண்டும். மன்றுத் தவணை ஒன்று தவறினாலும் பிணைமுறித் தொகையை உங்களிடமும் பிணையாளர்களிடமும் அறவிடலாம். அந்த வண்டியே வழக்கு நடக்கும்போது மறுபடி அனுமதியில்லாத மணலோடு பிடிபட்டால், இரண்டாவது முறை விடுவிப்புக் கேட்க எந்தச் சட்டத்தரணிக்கும் வாய் வராது. வண்டியை மணல் ஓட்டத்திலிருந்து எடுத்து, வழக்கு முடியும்வரை செங்கல், சீமெந்து, வீட்டுச் சாமான் என்று வேறு ஓட்டத்துக்கு விடுங்கள். அந்த ஓட்டங்களையும் முதல் நாளிலிருந்தே புத்தகத்தில் எழுதி, சாரதியின் கையெழுத்தோடு வைத்திருங்கள்.